காலை ஒன்பது மணிக்கு நிஷாகந்தி

என் அக்கா ஒரு தனியார் மருத்துவமனையில் நர்ஸ். நாலு வருஷமாக நிரந்தர நைட் டியூட்டி. காலையில் பிள்ளைகள் ஸ்கூல் கிளம்பும்போதும் மாலை திரும்பி வரும்போதும் தான் வீட்டில் இருக்க வேண்டும் என்று அவளே கேட்டு வாங்கிக்கொண்டது. சாயங்காலம் ஆறே முக்காலுக்கு வீட்டை விட்டு இறங்கினால் மறுநாள் காலை எட்டு மணிக்குத்தான் திரும்புவாள். நிஷாகந்திப் பூ வாய் திறப்பது ராத்திரி எட்டரைக்கு மேல். அவள் கையால் வைத்து வளர்த்த செடி, ஆனால் ஒரு பூவைக்கூட அவள் விரிந்த நிலையில் பார்த்ததில்லை. டியூட்டி முடிந்து வரும்போது பூ கழுத்து ஒடிந்து, நனைந்த துணி மாதிரி தொங்கிக்கொண்டிருக்கும். வாரத்தில் ஒரு நாள் லீவு உண்டு. பூ அந்த நாளில் வந்ததே இல்லை.

அதனால்தான் இந்த வேலையில் இறங்கினேன். பூவின் ராத்திரியை அப்படியே தூக்கிக் காலையில் வைக்க முடியுமா? மூன்று முயற்சி, இரண்டு மழைக்காலம். இரண்டு தோற்றது, மூன்றாவது பலித்தது. தோற்ற இரண்டில்தான் கற்றுக்கொண்டது அதிகம் என்பதால் அவற்றை விரிவாகவே எழுதுகிறேன்.

முதலில் செடி. நாகர்கோவில் பக்கம் நாங்கள் நிஷாகந்தி என்போம். மற்ற ஊர்களில் பிரம்ம கமலம் என்கிறார்கள். உண்மையான பிரம்ம கமலம் இமயமலை உயரத்தில் வளரும் வேறு ஒரு செடி, உத்தரகண்டின் மாநிலப் பூ. நம் வீட்டுத் தொட்டியில் இருப்பது மெக்சிகோ, நடு அமெரிக்கக் காடுகளிலிருந்து வந்த கள்ளி. அங்கே மரக்கிளைகளில் தொற்றி வளரும். இலை மாதிரி தட்டையாக இருப்பதெல்லாம் தண்டுதான், அதன் ஓரத்து வெட்டுகளிலிருந்துதான் மொட்டு வரும். ஒரு துண்டை ஒடித்து நட்டால் போதும், பிடித்துக்கொள்ளும். செம்மண், மணல், மட்கிய சாணம், கொஞ்சம் தேங்காய் நார்த்தூள், இவ்வளவுதான் மண் கலவை. அக்காவின் தாய்ச்செடி சிமென்ட் தொட்டியில் இருக்கிறது. அதிலிருந்து ஒடித்ததை நான் இருபது லிட்டர் பெயின்ட் வாளியில் வைத்தேன். அடியில் ஆறு ஓட்டை. வாளிக்குக் கைப்பிடி இருப்பது இந்த வேலைக்குப் பெரிய வசதி. இரண்டாம் வருஷமே பூத்தது.

இது நடக்கும் என்ற நம்பிக்கை எனக்கு வந்தது புளியமரத்தால். எங்கள் வீட்டுக்கு எதிரே ஒரு புளியமரம். அந்தி சாய்ந்ததும் இலைகளை மூடிக்கொள்ளும். "மரம் உறங்கிட்டு, கல் எறியாதே" என்று சின்ன வயதில் ஆச்சி சொல்வாள். இதே புளியமர உறக்கத்தை, பாரசீக வளைகுடாவில் இன்றைய பஹ்ரைன் தீவில், அலெக்சாந்தரின் கடற்படையோடு போன அந்திரஸ்தனிஸ் என்ற கிரேக்கர் இரண்டாயிரத்து முன்னூறு வருஷங்களுக்கு முன்பே பார்த்துக் குறித்து வைத்திருக்கிறார். இருட்டியதும் மூடுகிறது, வெளிச்சம் வந்ததும் திறக்கிறது, இதில் என்ன அதிசயம் என்றுதான் பல நூற்றாண்டு எல்லோரும் நினைத்தார்கள். 1729-இல் பிரான்சில் தெ மைரான் என்ற வானியல் அறிஞர் ஒரு தொட்டாற்சிணுங்கியை இருட்டில் வைத்துப் பார்த்தார். வெளிச்சமே இல்லாத இடத்திலும் அது காலையில் இலை விரித்தது, மாலையில் மூடியது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் தெ காந்தோல் என்ற தாவரவியலாளர் அடுத்த அடி எடுத்து வைத்தார். ராத்திரி விளக்கு, பகலில் இருட்டு என்று மாற்றினார். செடி முதலில் தடுமாறியது. சில நாளில் புது நேரத்துக்குப் பழகிக்கொண்டது.

அப்படியானால் கடிகாரம் செடிக்குள் இருக்கிறது, அதன் முள்ளைத் திருப்பும் கை வெளிச்சம். எனக்கு வேண்டியது இது ஒன்றுதான்.

பகலை இருட்டாக்கி, ராத்திரியில் விளக்குப் போட ஒரு அறை வேண்டும். செடியைத் தொடும் முன்னால் அந்த அறையைச் சோதித்தேன். மாடிப்படிக்கு அடியில் ஒரு ஸ்டோர் ரூம். நாலடிக்கு ஆறடி. மேலே சின்ன வென்டிலேட்டர். மொட்டை மாடி அறையை விட இது நல்லது, வெயில் காலத்திலும் சூடு ஏறாது. வயல் வரப்பிலிருந்து ஒரு தொட்டாற்சிணுங்கியை மண்ணோடு பெயர்த்து, ஐஸ்கிரீம் டப்பாவில் வைத்து உள்ளே வைத்தேன். தெ மைரான் செய்ததையே நானும் செய்து பார்த்துவிடலாம் என்று ஆசை. கதவை மெதுவாகத் திறக்க வேண்டும், அதிர்ந்தாலே இலை மூடிக்கொள்ளும். இரண்டு நாள் அது மணி தவறவில்லை. இருட்டுக்குள் காலை ஆறரைக்குப் போய்ப் பார்த்தால் இலைகள் விரிந்து நின்றன. சாயங்காலம் ஆறரைக்கு மூடியிருந்தன. மூன்றாம் நாள் சோர்ந்துவிட்டது, எடுத்து வெளியே நட்டுவிட்டேன். அந்த இரண்டாம் நாள் காலை, கும்மிருட்டில் அந்தச் சின்ன இலைகள் விரிந்து நின்றதைப் பார்த்தபோது எனக்கு மேல் சிலிர்த்தது. யாரும் சொல்லாமலே அதற்கு விடிந்தது தெரிந்திருக்கிறது.

இருட்டுக்குள் எதை வைத்துப் பார்ப்பது என்பது ஒரு முக்கியமான விஷயம். போட்டோ கழுவும் அறையில் சிவப்பு விளக்கு வைப்பார்கள் என்பதால் டார்ச்சில் சிவப்புக் கண்ணாடித்தாள் சுற்றுவது என்றுதான் முதலில் முடிவு செய்தேன். செடிக்கு அது பெரும் தப்பு. சிவப்பும் நீலமும்தான் செடி நன்றாக உணரும் நிறங்கள். ராத்திரிக்கு நடுவே கொஞ்ச நேரம் சிவப்பு வெளிச்சம் பட்டாலே பல செடிகள் குழம்பிப்போகும். பச்சையைத்தான் செடி குறைவாகக் கண்டுகொள்ளும். பச்சைத்தாள் நாலு மடிப்பு சுற்றி, மங்கலான வெளிச்சத்தில், எண்ணி ஐந்து விநாடி மட்டும் பார்ப்பது என்று வைத்துக்கொண்டேன்.

முதல் முயற்சி போன வருஷம் ஆனி மாதச் சாரலில். வாளிச் செடியில் ஐந்து மொட்டு. கடலைப் பருப்பு அளவில் இருந்தவை சுண்டுவிரல் நகம் அளவு வந்ததும் அவசரப்பட்டு உள்ளே கொண்டுபோய் வைத்துவிட்டேன். சீக்கிரம் தொடங்கினால் நன்றாகப் பழகும் என்பது என் கணக்கு. நாலாம் நாள் மொட்டுகளின் காம்பு மஞ்சளானது. ஆறாம் நாள் ஐந்தும் தரையில் கிடந்தன. பக்கத்து வீட்டு அத்தை கேட்டதும் சொன்னார், "மொட்டு விட்ட செடியைத் திசை மாத்தலாமா மக்கா? அது அப்பிடியே உதுத்துரும்லா." நிஷாகந்தி வளர்க்கும் யாரைக் கேட்டாலும் இதைச் சொல்வார்கள். நான்தான் கேட்கவில்லை. சின்ன மொட்டுக்கு இடமாற்றம், நீர் கூடுவது, காற்றடைப்பு எதுவும் ஒத்துக்கொள்ளாது. மொட்டு வளர்ந்து, முதலில் கீழே தொங்கி, அப்புறம் தூண்டில் முள் மாதிரி வளைந்து நுனி மேலே பார்க்கத் தொடங்கும். அந்த நிலைக்கு வந்த மொட்டு லேசில் உதிராது. அதுவரை கை வைக்கக் கூடாது.

இரண்டாவது முயற்சி ஆவணியில். இந்த முறை பொறுமையாக இருந்தேன். இரண்டே மொட்டு. வளைந்து நிமிரும்வரை காத்திருந்து உள்ளே வைத்தேன். வெளியே இருந்தபோது செடியின் எந்தப் பக்கம் வெளிச்சம் பார்த்து நின்றதோ அந்தப் பக்கத்தை வாளியில் சாக்பீஸால் குறித்து, உள்ளேயும் விளக்கு அந்தப் பக்கமே வருமாறு பார்த்துக்கொண்டேன். இருபது வாட் எல்இடி பட்டை விளக்கு இரண்டு, செடியிலிருந்து ஒன்றரை அடி தள்ளி. டைமர் சாக்கெட்டில் மாலை ஏழுக்கு எரிந்து காலை ஏழுக்கு அணையும்படி வைத்தேன். வென்டிலேட்டரில் அட்டை, கதவடியில் சாக்கு.

ஐந்தாம் நாள், பிற்பகல் மூன்று மணிக்குப் பச்சை டார்ச்சோடு போனால் ஒரு மொட்டு பாதி விரிந்து நிற்கிறது. மணம் லேசாக இருந்தது. இதழ்கள் ஒன்றோடொன்று ஒட்டி, ஒரு பக்கம் மட்டும் திறந்த மாதிரி. அதற்கு மேல் விரியவில்லை, அப்படியே துவண்டுவிட்டது. அக்கா உள்ளறையில் உறங்கிக்கொண்டிருந்தாள். எழுப்ப மனம் வரவில்லை. இரண்டாவது மொட்டு அதே நிலையில் கருகிவிட்டது.

நேரம் நகர்ந்திருக்கிறது, ஆனால் முழுசாக நகரவில்லை. ஏன் என்று அன்றைக்கே தோண்டினேன். இரண்டு காரணம் கிடைத்தது.

முதலாவது டைமர். அது சுழலும் வட்டில் வைத்தது. விளிம்பில் 96 குட்டிப் பற்கள், ஒவ்வொன்றும் கால்மணி நேரம். கரண்டில்தான் வட்டு சுற்றும், கரண்ட் போனால் நின்றுவிடும். அந்த ஐந்து நாளில் எங்கள் தெருவில் கரண்ட் பலமுறை போயிருந்தது. வட்டின் நேரத்தைச் சுவர்க் கடிகாரத்தோடு ஒத்துப் பார்த்தால் மூன்றே கால் மணி நேரம் பின்தங்கியிருந்தது. அதாவது நான் தினமும் ஒரே ராத்திரியைக் கொடுக்கவில்லை, நாளுக்கு நாள் தள்ளிப்போகும் ஒரு ராத்திரியைக் கொடுத்திருக்கிறேன்.

இரண்டாவது வெளிச்சக் கசிவு. மத்தியானம் பன்னிரண்டு மணிக்கு உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டு ஒரு பலகையில் உட்கார்ந்தேன். முதல் இரண்டு நிமிஷம் ஒன்றுமே தெரியவில்லை, கச்சிதமான இருட்டு என்றே தோன்றியது. ஐந்தாவது நிமிஷம் கதவுக் கீலுக்குப் பக்கத்தில் நூல் மாதிரி ஒரு கோடு. ஏழாவது நிமிஷம் வென்டிலேட்டர் அட்டையின் மேல் ஓரம் சாம்பல் நிறத்தில் தெரிந்தது. பத்தாவது நிமிஷம் சாவித் துவாரத்திலிருந்து எதிர்ச்சுவரில் ஒரு வட்டம் விழுந்திருப்பதைப் பார்த்தேன், பத்து பைசாக் காசு அளவு. அதோடு, ஸ்விட்ச் போர்டில் கரண்ட் இருப்பதைக் காட்டும் சிவப்புப் பொட்டு, நேராக மொட்டைப் பார்த்து. பத்து நிமிஷம் இருட்டில் உட்கார்ந்தால் அந்த அறை முழுக்க ஓட்டை என்று தெரிகிறது. செடி பன்னிரண்டு மணி நேரம் அதில் நிற்கிறது. இதைச் செய்து பார்க்க நினைப்பவர்களுக்கு நான் முதலில் சொல்வது இதுதான்: செடியை வைக்கும் முன்னால் நீங்கள் போய் உட்காருங்கள். கையில் சாக்பீஸ் வைத்துக்கொண்டு, வெளிச்சம் தெரியும் இடத்திலெல்லாம் கோடு போடுங்கள்.

இந்த வருஷம் ஆடியில் மூன்றாவது முறை. வென்டிலேட்டருக்கும் கதவுக்கும் உள்பக்கம் கறுப்புத் துணி, இரண்டு மடிப்பு, மொத்தம் ஆறு மீட்டர். வாங்குவதற்கு முன் துணியைக் கடை வாசலில் சூரியனுக்கு நேரே பிடித்துப் பார்த்தேன். ஒரு மடிப்பில் ஊசிக்கண் ஊசிக்கண்ணாக வெளிச்சம் தெரிந்தது, இரண்டு மடிப்பில் நின்றது. ஓரமெல்லாம் இன்சுலேஷன் டேப். சிவப்புப் பொட்டுக்கும் டேப். டைமரை மாற்றி, உள்ளே பேட்டரி இருக்கும் டிஜிட்டல் டைமர் வாங்கினேன். விளக்கை இன்வெர்ட்டர் லைனில் இழுத்துக் கொடுத்தேன். காற்றுக்கு, விளக்கு எரியும் ராத்திரி நேரத்தில் அவ்வப்போது கதவைத் திறந்து வைத்தேன். கள்ளி வகைச் செடிகள் தங்கள் ராத்திரியில்தான் துளைகளைத் திறந்து கரியமில வாயுவை உள்ளே வாங்கும். அதனால் விளக்கை அணைத்துக் கதவைச் சாத்தும் முன்னாலும் ஒருமுறை நன்றாகக் காற்று மாற விட்டேன்.

வாளிச் செடியில் ஆறு மொட்டு. மூன்று மட்டும் வளைந்து நிமிரும் பருவம், என் நடுவிரல் நீளம். மற்றவை சின்னவை. தாய்ச்செடியிலும் அதே பருவத்தில் இரண்டு இருந்தன. அதை வராந்தாவிலேயே விட்டுவிட்டேன், ஒப்பிட்டுப் பார்க்க.

முதல் மூன்று நாள் மொட்டு வளர்வதில் எந்த வித்தியாசமும் இல்லை. வாளிக்கு ஒருநாள் விட்டு ஒருநாள் அரை லிட்டர் தண்ணீர். நாலாம் நாள் சின்ன மொட்டு ஒன்று உதிர்ந்தது. எனக்கு வயிறு கலங்கியது, ஆனால் பெரிய மொட்டுகள் பச்சை குறையாமல் நின்றன. ஐந்தாம் நாள் வெளி இதழ்களின் செம்பழுப்பு நிறம் வெளுக்கத் தொடங்கியது. ஆறாம் நாள் ராத்திரி, அதாவது விளக்கு வெளிச்சத்தில், மொட்டின் நுனி பலூன் மாதிரி உப்பியிருந்தது. மேலே சுற்றியிருந்த மெல்லிய பட்டைகள் பிடி விட்டுத் தளர்ந்திருந்தன. அன்று மாலை டியூட்டிக்குக் கிளம்பும்போதே அக்காவிடம் சொல்லியிருந்தேன், "நாளைக்கு எங்கயும் நிக்காம நேரா வந்துரு" என்று. எதற்கு என்று கேட்டாள். சொல்லவில்லை.

மறுநாள் காலை ஏழு மணிக்கு விளக்கு அணைந்தது. ஏழே முக்காலுக்குப் பச்சை டார்ச்சில் ஐந்து விநாடி. மொட்டின் வாய் ஒரு பொத்தான் அளவு திறந்திருந்தது. அக்காவின் ஸ்கூட்டர் சத்தம் எட்டு மணிக்கு. பிள்ளைகளை அனுப்பிவிட்டு எட்டரைக்கு வந்தாள், யூனிஃபார்ம்கூட மாற்றவில்லை. கதவைத் திறக்கும் முன்பே மணம் படிக்கட்டு வரை வந்துவிட்டது. "என்னது, காலையில இந்த வாசம் வருது" என்றாள். அவளுக்கு அந்த மணம் காய்ந்து அடங்கிய நிலையில்தான் பழக்கம்.

பாதிக்கு மேல் விரிந்தபிறகு வெளியே எடுத்தால் நின்றுவிடாது என்று கணக்குப் போட்டு, ஒன்பது மணிக்கு வாளியைத் தூக்கி வராந்தாவின் நிழலான மூலையில் வைத்தேன். அக்கா தரையிலேயே உட்கார்ந்துவிட்டாள். மூன்று பூவில் இரண்டு ஒன்றாக விரிந்துகொண்டிருந்தன. வெளிப்பட்டை ஒன்று பிடி விட்டுப் பின்னால் வளைந்தபோது பூ முழுக்க ஒரு நடுக்கம் நடுங்கியது. கண்ணுக்குத் தெரியும் அசைவு அது. வெள்ளை இதழ்கள் அடுக்கடுக்காக விலக, உள்ளே மகரந்தத் தாள்கள் நூற்றுக்கணக்கில் பள்ளத்தில் சாய்ந்து கிடந்தன, அவற்றுக்கு மேலே நட்சத்திரம் மாதிரி பிரிந்த சூலக நுனி தனியாக நீட்டிக்கொண்டிருந்தது. அத்தை இதைப் பாம்பணையில் பெருமாள் சயனித்திருப்பது என்பார். பத்தரை மணிக்கு முழுசாக விரிந்தது. என் விரித்த கையை விடக் கொஞ்சம் பெரிசு. பகல் வெளிச்சத்தில் அந்த வெள்ளைக்குள் லேசான பச்சை ஓடுவதை நானே அன்றுதான் பார்த்தேன். ராத்திரி டியூப்லைட்டில் அது தெரியாது.

"எத்தனை நாளு ஆச்சு இதுக்குப் பழக?" என்று கேட்டாள் அக்கா.

"ஆறு நாள்."

கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தாள். "எனக்கு நாலு வருஷமாச்சு, இன்னும் பழகல. பதினோரு மணிக்குப் படுத்தா ஒன்றரைக்குக் கண்ணு முழிச்சுரும்."

நான் செடியைப் பற்றிப் படித்ததையெல்லாம் அப்போதுதான் அவளோடு சேர்த்து யோசித்தேன். மனிதருக்குள்ளும் அதே மாதிரி ஒரு கடிகாரம்தான், அதையும் திருப்புவது வெளிச்சம்தான். ராத்திரி முழுக்க வார்டு விளக்கில் நிற்கிறாள், சரி. ஆனால் காலை ஏழே முக்காலுக்கு நேரே கிழக்கு வெயிலில் இருபது நிமிஷம் ஸ்கூட்டர் ஓட்டி வருகிறாள். வார்டு விளக்கை விட அந்த வெயில் எத்தனையோ மடங்கு பலம். ராத்திரி நகர்த்தியதை எல்லாம் அது தினமும் காலையில் பழைய இடத்துக்கே இழுத்துவிடும். போதாததற்கு அவள் உறங்கும் அறையின் ஜன்னலில் மஞ்சள் பூப்போட்ட மெல்லிய திரை. என் இரண்டாவது முயற்சியின் ஸ்டோர் ரூம் மாதிரியேதான்.

பூக்கள் மாலை மூன்றரை வரை தாக்குப்பிடித்தன. நாலு மணிக்குப் பிள்ளைகள் வரும்போது ஓரம் சுருங்கத் தொடங்கியிருந்தது, ஆனாலும் பார்த்துவிட்டார்கள். வராந்தாவில் இருந்த தாய்ச்செடியின் இரண்டும் அன்று ராத்திரி எட்டே முக்காலுக்குத் தன் வழக்கப்படி விரிந்தன. வாளிச் செடியின் மூன்றாவது பெரிய மொட்டு மறுநாள் காலை திறந்தது. மிச்சமிருந்த சின்ன மொட்டு இரண்டுக்காகச் செடியை வராந்தாவுக்கே மாற்றிவிட்டேன். பன்னிரண்டு நாள் கழித்து அவை பழையபடி ராத்திரியில்தான் விரிந்தன.

ஸ்டோர் ரூமிலிருந்து கறுப்புத் துணியைக் கழற்றி அக்கா அறை ஜன்னலுக்கு இரண்டு மடிப்பாக அடித்தேன். மத்தியானம் அவளும் நானும் கதவைச் சாத்திக்கொண்டு உள்ளே பத்து நிமிஷம் உட்கார்ந்தோம், கையில் சாக்பீஸ். அவள்தான் முதலில் கண்டுபிடித்தாள், ஏசி குழாய் வெளியே போகும் ஓட்டையை. களிமண் வைத்து அடைத்தோம். வரும் வழிக்கு நல்ல கறுப்புக் கண்ணாடி ஒன்று வாங்கிக் கொடுத்தேன். வண்டி ஓட்டும்போது உறக்கம் தட்டினால் உடனே கழற்றிவிட வேண்டும் என்ற பேச்சோடு.

பத்து நாள் கழித்து ஒரு சனிக்கிழமை. பிள்ளைகள் வராந்தாவில் விளையாடிக்கொண்டிருந்தார்கள். மணி மூன்றரை ஆகியும் அக்கா அறைக் கதவு திறக்கவில்லை. நாலு மணிக்கு நான்தான் தட்டி எழுப்பினேன்.